வொரி: கழுத்தைப் பிடிக்கிற சொல்



போன இதழில் 'டெட்லைன்' என்ற சொல்லைப் பார்த்தோம். அமெரிக்க உள்நாட்டுப் போர் நேரத்துல, சிறை முகாமில் கைதிகள் தாண்டினால் சுட்டுத் தள்ளுவதற்காகப் போட்டு வைத்த கோடுதான் அதுன்னு படிச்சதும், "இனிமே அசைன்மென்ட் தேதியைப் பார்த்தாலே பதறுது"ன்னு மெசேஜ் அனுப்பியிருந்தீங்க. சரி, இந்தத் தடவை அந்தப் பதற்றத்துக்கே ஒரு சொல்லை எடுத்துக்குவோம். நாம ஒரு நாளைக்குப் பத்துத் தடவையாவது சொல்ற சொல்: 'வொரி'.

இதை எடுத்ததுக்கு ஒரு காரணம் இருக்கு. ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்து காலேஜ் பஸ்ஸில் வர்ற என் கிளாஸ்மேட் ஒருத்தன். மூணாவது செமஸ்டர்ல ரெண்டு அரியர். அப்புறம் பஸ்ஸில் பேச்சு குறைஞ்சது, சாப்பாட்டு டப்பா திறக்காமலே திரும்பிப் போச்சு. நாங்க எல்லாரும் முதுகில் தட்டிட்டு ஒரே வார்த்தையைத்தான் சொன்னோம்: "வொரி பண்ணாதடா மாப்ள." ஒரு மாசம் கழிச்சு அவன் சொன்னான்: "நீங்க அதைச் சொல்லும்போதெல்லாம் தொண்டை இன்னும் அடைக்கும்டா." அன்னைக்கு ராத்திரி சும்மா அந்தச் சொல்லோட வரலாற்றைத் தேடினேன். கிடைச்சது தூக்கிவாரிப் போட்டது. அவன்கிட்ட கேட்டுட்டுத்தான் இதை எழுதறேன்.

1. முதல்ல உச்சரிப்பு

எழுத்தில் 'ஓ' இருக்கறதால நாம 'வொரி'ன்னு சொல்றோம். பிரிட்டிஷ் உச்சரிப்பு கிட்டத்தட்ட நம்ம 'வரி' மாதிரிதான் வரும். ஆமா, கட்டுற வரியேதான். அப்பாக்களுக்கு ரெண்டும் ஒண்ணுன்னு நீங்க சொல்றது கேக்குது. இந்தக் கட்டுரையில் நம்ம வழக்கப்படி 'வொரி'ன்னே எழுதறேன். ஜி.டி. அப்போ மட்டும் 'வரி'க்குப் பக்கமா சொல்லுங்க.

2. நாய், ஆடு, கழுத்து

பழைய ஆங்கிலத்தில் இந்தச் சொல்லின் வடிவம் 'விர்கன்'. பொருள்: கழுத்தை நெரித்தல். மனசு, கவலை, தூக்கமின்மை எதுவும் அதில் கிடையாது. கையால் கழுத்தைப் பிடிச்சு மூச்சை நிறுத்துறதுதான் வொரி. இதன் உறவுக்காரச் சொல் ஜெர்மன் மொழியில் இன்னைக்கும் 'வ்யூர்கன்' என்று இருக்கு. அங்கே இப்பவும் அதே பொருள்தான்.

அப்புறம் இந்தச் சொல் மனுஷன் கையில் இருந்து மிருகத்தின் வாய்க்குப் போனது. நாயோ ஓநாயோ ஆட்டின் கழுத்தைக் கவ்வி, விடாம உலுக்கிக் கொல்றதுக்கு வொரின்னு பேர். நம்ம ஊர்க்காரங்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். ராஜபாளையம் நாய் காட்டுப்பன்றி வேட்டைக்குப் பேர் போனது. இந்திய அஞ்சல் துறை 2005-ல நாலு இந்திய நாயினங்களுக்குத் தபால்தலை வெளியிட்டப்போ அதுல ஒண்ணு நம்மாளு. வேட்டை நாய் ஒண்ணு கவ்விப் பிடிச்சு, தலையை இப்படியும் அப்படியும் உதறுறதை யாராவது பார்த்திருந்தா, 'வொரி'யோட அசல் பொருளைக் கண்ணால பார்த்தாச்சுன்னு வச்சுக்கோங்க.

சின்ன வயசுல 'ஜாக் கட்டின வீடு' பாட்டு பாடியிருப்பீங்க. அதுல நாய் பூனையை என்ன பண்ணும்னு ஞாபகம் இருக்கா? வொரி பண்ணும். பூனைக்கு அரியர் வந்ததால வந்த வொரி இல்லை அது. நாய் அதைக் கவ்வி உலுக்குதுன்னு அர்த்தம். நாம அர்த்தம் தெரியாமலே கைதட்டிப் பாடிட்டோம்.

இந்தப் பொருள் இன்னும் சாகலை. பிரிட்டனில் 1953-ல கால்நடைகளை நாய்களிடம் இருந்து காப்பாத்த ஒரு சட்டம் வந்தது. ஆட்டை நாய் விரட்டுறது, தாக்குறது எல்லாத்துக்கும் அந்தச் சட்டம் பயன்படுத்துற சொல் 'வொரியிங்'. எம்.எஸ். படிக்க அந்தப் பக்கம் போறவங்க, பண்ணை வேலியில் "ஆட்டை வொரி பண்ணாதீர்கள்"ங்கற மாதிரி போர்டு பார்த்தா சிரிக்காதீங்க. அது ஆட்டோட மனநலத்துக்கான போர்டு இல்லை.

3. மனசுக்குள்ள எப்போ வந்தது?

படிப்படியாத்தான். 16-ஆம் நூற்றாண்டில் 'ஓயாமல் தொல்லை கொடுத்தல்' என்ற பொருள் சேர்ந்தது. கவ்வுறது போய், விரட்டி விரட்டி இம்சை பண்றது. 1755-ல சாமுவேல் ஜான்சன் தன் புகழ்பெற்ற அகராதியைப் போட்டப்போகூட, வொரிக்கு அவர் தந்த பொருள் ரெண்டு வகைதான்: மிருகம் இரையைக் கிழிக்கிற மாதிரி கிழிப்பது, கொடூரமாகத் துன்புறுத்துவது. "எனக்கு வொரியா இருக்கு"ங்கற பொருளுக்கு அங்கே இடமில்லை.

'ஐ வொரி'ன்னு ஒருத்தர் தன்னைப் பத்தியே சொல்ற வழக்கம் 19-ஆம் நூற்றாண்டில்தான் நிலைபெற்றது. இங்கே இலக்கணத்தில் நடந்த மாற்றத்தைக் கவனிங்க. முன்னாடி வொரிக்கு ரெண்டு பேர் வேணும்: கவ்வுறவன் ஒருத்தன், கவ்வப்படுறவன் ஒருத்தன். இப்போ ஒரே ஆள் போதும். நாயும் நாமதான், ஆடும் நாமதான். ராத்திரி ரெண்டு மணிக்கு நடக்கறது அதுதானே?

4. சொந்தக்காரங்க

வொரி மட்டும்தான் இப்படின்னு நினைக்காதீங்க. அந்தக் குடும்பமே கழுத்துப்பிடிக் குடும்பம்.

ஆங்சைட்டி: லத்தீனில் 'ஆங்கெரே' என்றால் நெரித்தல், இறுக்குதல். அதில் இருந்து வந்தது. நெஞ்சு இறுகி வலிக்கிற 'ஆஞ்சைனா'வும் ஒரே வேர். கோபத்தைச் சொல்ற 'ஆங்கர்'கூட தூரத்துச் சொந்தம்.

நெர்வஸ்: லத்தீன் 'நெர்வுஸ்' என்றால் தசைநாண், வில்லின் நாண். அதனால ஒரு காலத்தில் நெர்வஸ்னா 'முறுக்கேறிய, வலுவான' ஆள்! 18-ஆம் நூற்றாண்டில்தான் நடுங்குற பொருளுக்கு இறங்கி வந்தது.

ஸ்ட்ரெஸ்: இதோட வேரில் இருக்கறது 'குறுகல், இறுக்கம்'. எஸ்.ஓ.எம். படிச்சவங்களுக்கு ஸ்ட்ரெஸ் வேற, ஸ்ட்ரெயின் வேற. ஸ்ட்ரெஸ்ங்கறது பரப்பளவுக்கு இவ்வளவுன்னு பொருளுக்குள்ள எழுற விசை. ஸ்ட்ரெயின்ங்கறது அதனால உருவத்தில் வர்ற மாற்றம். இந்தச் சொல்லை உடலியலில் பரப்பியவர் கனடாவில் பணியாற்றிய ஹான்ஸ் செல்யே. 1936-ல 'நேச்சர்' இதழில் எலிகளை வச்சு அவர் எழுதின சின்னக் கட்டுரையில் இருந்துதான் அந்தத் துறை தொடங்குது. தனக்கு ஆங்கிலம் இன்னும் நல்லாத் தெரிஞ்சிருந்தா 'ஸ்ட்ரெயின்'னு பேர் வச்சிருப்பேன்னு பின்னாளில் அவரே வருத்தப்பட்டதாகச் சொல்வாங்க. மெக்கானிக்கல் பசங்க அவர்கிட்ட மார்க் குறைச்சுக்கலாம்.

டென்ஷன்: இழுத்தல், நீட்டுதல். அதே 1936-ல ராஜபாளையத்தில் பி.ஏ.சி. ராமசாமி ராஜா நூற்பாலை தொடங்கினார். மில்லில் வேலை பார்க்கிற அப்பாவோ சித்தியோ இருந்தா கேட்டுப் பாருங்க. நூலுக்கு டென்ஷன் கூடினா இழை அறுந்துடும். குறைஞ்சா நூல் தொய்ஞ்சு சிக்கும். அளவா இருந்தாத்தான் நூல். நாம 'டென்ஷன் ஆகாதே'ன்னு சொல்றோம். மில்காரங்க 'டென்ஷனே இல்லாம நூல் இல்லை'ன்னு சொல்வாங்க. ரெண்டும் உண்மைதான்.

5. நம்ம 'கவலை'

இப்போ தமிழுக்கு வருவோம். இறுக்கம் நம்மகிட்டயும் உண்டு. நெருக்கு என்பதில் இருந்து நெருக்கடி. திருக்குறளில் 'இடுக்கண் அழியாமை' என்று ஒரு அதிகாரமே இருக்கு, 63-வது. அந்தச் சொல்லைப் பார்க்கும்போதே 'இடுக்கு' தெரியுதில்ல?

ஆனா வொரிக்கு நாம நேராச் சொல்ற 'கவலை' வேற மாதிரி. சங்க இலக்கியத்தில் கவலை என்றால் பிரிந்து போகும் பாதை, கவர்வழி. ஒரு வழி ரெண்டா மூணா கிளைக்கிற இடம். 'கவர்', 'கவடு' எல்லாம் கிளை பிரிவதைச் சொல்ற சொற்கள்தான். (மாடு கட்டித் தண்ணி இறைக்கிற 'கவலை ஏற்றம்'னு ஒண்ணும் உண்டு. நம்ம பக்கம் அது கமலை.)

ராஜபாளையத்தில் தென்காசி ரோடும் சங்கரன்கோவில் ரோடும் பிரியும். ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்து சிவகாசிக்கு ஒரு ரோடு பிரியும். போற ஊர் தெரிஞ்சவனுக்கு அது வெறும் திருப்பம். தெரியாதவன் அங்கே வண்டியை நிறுத்திட்டு நிப்பான் பாருங்க, அந்த நிலைதான் கவலை. எம்.இ.யா வேலையா? ஐ.டி.யா கோரா? அரியரை இந்த செமஸ்டர்லயே எழுதறதா, அடுத்ததுக்குத் தள்ளறதா?

இப்போ ரெண்டு சொல்லையும் பக்கத்தில் வைங்க. ஆங்கிலச் சொல், கழுத்தை எது பிடிச்சிருக்குன்னு கேக்குது. தமிழ்ச் சொல், எந்த வழியில் போகப் போறேன்னு கேக்குது. ரெண்டும் வேற வேற வேதனை. எனக்கு இது புரிஞ்ச பிறகுதான் என் கிளாஸ்மேட்கிட்ட நாங்க பண்ண தப்பும் புரிஞ்சது.

6. பயன்பாடு: பரீட்சைக்கும் இன்டர்வியூவுக்கும்

ஒண்ணு: வொரீட், வொரியிங். நாம வொரீட். நம்மை அப்படி ஆக்குற விஷயம் வொரியிங். "த ரிசல்ட் இஸ் வொரீட்"னு எழுதினா ரிசல்ட் உக்காந்து அழுதுன்னு அர்த்தம்.

ரெண்டு: அபவுட், ஃபார். "டோன்ட் வொரி ஃபார் தட்" நம்ம ஊர்த் தப்பு. விஷயத்தைப் பத்தின்னா 'அபவுட்'. 'ஐ ஆம் வொரீட் ஃபார் யூ'ன்னா உன் நலனை நினைச்சு எனக்குக் கவலைன்னு பொருள். அது சரி.

மூணு: ஹெச்.ஓ.டி.க்கோ கம்பெனிக்கோ மெயில் எழுதும்போது 'வொரி' வேண்டாம். 'கன்சர்ன்' போடுங்க. "ஐ ஹேவ் எ கன்சர்ன் அபவுட் த அட்டெண்டன்ஸ்"னு எழுதினா புகார் மாதிரியும் இருக்காது, அழுகை மாதிரியும் இருக்காது.

நாலு: "ஐ ஆம் ஆங்ஷியஸ் டு ஜாயின் யுவர் கம்பெனி". இலக்கணப்படி இது தப்பில்லை, ஆவலாக இருக்கேன்னும் பொருள் உண்டு. ஆனா கேக்கறவர் பதற்றம்னும் எடுத்துக்கலாம். நான் என் முதல் இன்டர்வியூவில் இதைச் சொல்லிட்டு, கூடவே கையும் நடுங்க உக்காந்திருந்தேன். எதிர்ல இருந்தவர் தண்ணி கிளாஸைத் தள்ளி வச்சார். 'ஈகர்'னு சொல்லிட்டுப் போங்க.

அஞ்சு: 'நோ வொரீஸ்' ஆஸ்திரேலியாவில் 1960-களில் பரவின பேச்சு. 'பரவாயில்லை'க்குப் பக்கம். நண்பர்களுக்கு ஓகே, பிரின்சிபாலுக்கு வேண்டாம்.

ஆறு: 'வொரி அட்'. நாய் எலும்பை விடாமக் கடிக்கிற மாதிரி ஒரு சிக்கலைத் திரும்பத் திரும்ப முயற்சி பண்றது. ராத்திரி முழுக்க ஒரு பக்கைத் துரத்திக் கண்டுபிடிச்சீங்கன்னா, நீங்க அதை 'வொரி அட்' பண்ணீங்க. இந்தச் சொல்லில் ஆட்டோட பக்கம் இல்லாம நாயோட பக்கம் நிக்கறது இந்த ஒரு இடத்துலதான்.

7. கடைசியா

ஒருத்தன் கவர்வழியில் நின்னு குழம்பறான்னா, அவன்கூட உக்காந்து வழி பார்க்கலாம். எந்த அரியரை முதல்ல முடிக்கலாம், யார் நோட்ஸ் நல்லா இருக்கும், எந்த சார்கிட்ட கேட்கலாம்னு. அது கவலை. பேசினா தீரும்.

ஆனா கழுத்து பிடிபட்டிருக்கிறவன்கிட்ட "வொரி பண்ணாதே"ன்னு சொல்றது, நாய் வாயில் இருக்கிற ஆட்டைப் பார்த்து "கடிபடாதே"ன்னு சொல்ற மாதிரி. ஆடு என்ன செய்யும்? வேற ஒருத்தர் வந்து நாயை இழுக்கணும். வாரக்கணக்கா தூக்கம் இல்லை, சாப்பாடு இறங்கலை, மூச்சு முட்டுது, நெஞ்சு படபடங்குதுன்னா அது தைரியம் சம்பந்தப்பட்ட விஷயம் இல்லை, உதவி சம்பந்தப்பட்ட விஷயம். 14416-க்கு போன் பண்ணலாம். 2022 அக்டோபரில் தொடங்கின அரசு மனநல உதவி எண், 'டெலி மானஸ்'. இலவசம். தமிழிலேயே பேசலாம். பக்கத்து அரசு மருத்துவமனையிலும் கேட்கலாம்.

என் கிளாஸ்மேட்டை அவன் அக்காதான் டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போனாங்க. நாங்க யாரும் இல்லை. ரெண்டு அரியர்ல ஒண்ணை முடிச்சுட்டான். இன்னொண்ணு இந்த நவம்பரில். பஸ் ஸ்ரீவில்லிபுத்தூர் கோபுரத்தைத் தாண்டும்போது இப்போ அவனே ஏதாவது பேச ஆரம்பிக்கிறான். நான் "வொரி பண்ணாதே"ன்னு சொல்றதை விட்டுட்டேன். "சாப்பிட்டியாடா? எங்க வரைக்கும் படிச்சிருக்கே?"ன்னு கேக்கறேன். அதுக்கு அவன்கிட்ட பதில் இருக்கு.

அடுத்த இதழுக்கு எந்தச் சொல் வேணும்? எழுதி அனுப்புங்க.