தூர் கட்டுதலும் தூர் வாருதலும்

(வட்டார வளர்ச்சி அலுவலர் ஒருவர் எழுதியது)

சில ஆண்டுகளுக்கு முன், எமது வட்டாரத்தில் ஊராட்சி உறுப்பினர்களுக்கும் உழவர்களுக்குமாக ஒரு நாள் பயிற்சி முகாம் நடைபெற்றது. கொய்யா நாற்று உற்பத்தியை விளக்க வந்த அலுவலர், “ஸ்டூல் படுக்கை அமைக்கும் முறை” என்று தம் பேச்சைத் தொடங்கினார். முன் வரிசையில் இருந்த மூத்த உறுப்பினர் ஒருவர் எழுந்து, “ஐயா, ஸ்டூல் என்றால் உட்காரும் முக்காலி, படுக்கை என்றால் கட்டில். இரண்டையும் ஒன்றாகச் செய்யும் தச்சர் எங்கள் ஊரில் இல்லையே!” என்றார். பின் வரிசையில் இருந்த சுகாதாரப் பணியாளர், மருத்துவமனையில் அச்சொல்லுக்கு வழங்கும் பொருளை எண்ணி முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார். கூட்டம் முழுவதும் சிரித்தது. ஆயினும் சிரிப்பு அடங்கியபின், அப்பெரியவர் கேட்டது நல்ல கேள்வியே என்பது எமக்குப் புலனாயிற்று. சொல்லின் பொருள் தெளிவாகாவிடில் செய்யும் வேலையும் தெளிவாகாது. ஆதலின் அச்சொல்லையும், அதற்கு நேராக நம் மொழியில் உள்ள சொல்லையும் இங்கு ஆராய்வோம்.

ஒரு சொல், பல பொருள்

ஆங்கிலத்தில் ‘ஸ்டூல்’ என்பது முதற்கண் இருக்கையையே குறித்தது. பின்னர் அது கழிப்பிருக்கைக்குப் பெயராகி, அதன் வழியே மலத்திற்கும் பெயராயிற்று. தோட்டக்காரரும் வனத்துறையினரும் வெட்டிய மரத்தின் அடிக்கட்டை மீண்டும் துளிர்ப்பதை அப்பெயரால் அழைத்தனர். கரும்பின் ஒரு குத்தும் அப்பெயர் பெற்றது. பயிர் பக்கக் கிளைகளை வெடித்துப் பெருகுவதும் அச்சொல்லாலேயே குறிக்கப்படுகிறது.

தமிழில் இக்குழப்பம் இல்லை. உட்காருவதற்கு மணை, பலகை, முக்காலி, நாற்காலி எனத் தனித்தனிச் சொற்கள் உள்ளன. மூன்று கால் உடைய முக்காலி மேடுபள்ளமான மண்தரையிலும் ஆடாது நிற்கும். நான்கு கால் உடையதோ ஒரு கால் குறைந்தாலும் ஆடும். மாட்டுத் தொழுவத்தில் பால் கறப்போருக்கு முக்காலியே ஏற்றது என்பதற்கு இதுவே காரணம். செடியின் அடியைக் குறிக்க நம்மிடம் உள்ள சொல் தூர் என்பதாகும்.

ஆனால் தூர் என்ற சொல்லுக்கும் பல பொருள் உண்டு. செடியின் வேரோடு ஒட்டிய அடிப்பாகம் தூர். பானையின் அடிப்பாகமும் தூர். கிணற்றின் அடியில் படியும் சேறும் தூர். மண் நிறைந்து மூடிப்போதலைத் தூர்தல் என்கிறோம். மூடுவித்தலைத் தூர்த்தல் என்கிறோம். ஆகவே தூர் கட்டுதல் என்றால் பயிர் பெருகுதல். தூர் வாருதல் என்றால் நீர்நிலையின் அடிச்சேற்றை அகற்றுதல். தூர்ந்து போதல் என்றால் அந்நீர்நிலை அழிதல். முதலாவது களஞ்சியத்தை நிரப்புவது. இரண்டாவது ஊருக்கு நீர் தருவது. மூன்றாவது ஊரைக் கெடுப்பது. எல்லாவற்றிற்கும் அடிப்படை அடியை நோக்குதலேயாகும்.

நெல்லின் தூர்

நெற்பயிரின் அடித்தண்டில் மண்ணை ஒட்டிக் கணுக்கள் நெருக்கமாக அமைந்துள்ளன. ஒவ்வொரு கணுவிலும் ஒரு மொட்டு உறங்குகிறது. அது விழித்தெழுந்து முளைப்பதே தூர். தாய்த்தண்டிலிருந்து தோன்றும் தூர்களிலிருந்து மேலும் தூர்கள் கிளைக்கும். இவற்றுள் முன்னதாகத் தோன்றியவையே பெரும்பாலும் நல்ல கதிர் தரும். காலந்தாழ்ந்து வருபவை பலவும் கதிரின்றி வீணாகும். ஆதலின் தூர் கட்டும் பருவத்தை நீட்டிப்பதைவிட, அது விரைவாகத் தொடங்குமாறு செய்வதே சிறப்பு.

இதற்கு நான்கு வழிகள் உள. முதலாவது, நாற்றின் வயது: குறுகிய கால இரகங்களுக்கு 18 முதல் 22 நாட்களும், மத்திய கால இரகங்களுக்கு 25 முதல் 30 நாட்களும் பொருத்தமானவை. முற்றிய நாற்றை நட்டால் கணுக்களில் உறங்கும் மொட்டுகள் பல விழிக்காமலே போகும். இரண்டாவது, நடும் ஆழம்: 2 அல்லது 3 சென்டிமீட்டருக்குமேல் அழுத்தி நட்டால், அடிக்கணுக்கள் சேற்றில் புதைந்து, தூர் கட்டுதல் தாமதமாகும். மூன்றாவது, நீர்: வயலை எப்போதும் முழங்கால் அளவு நிரப்பி வைத்தல் தூருக்குப் பகையாகும். நான்காவது, தழைச்சத்தை ஒரே முறையில் கொட்டாது, அடியுரமாகவும், தூர் கட்டும் பருவத்திலும், கதிர் உருவாகும் பருவத்திலும், கதிர் வெளிவரும் காலத்திலும் பகிர்ந்து இடுதல்.

இவ்வுண்மையை மிகத் தெளிவாகக் காட்டுவது திருந்திய நெல் சாகுபடி. மடகாஸ்கர் தீவில் பணிபுரிந்த ஆன்றி தெ லோலானியே என்னும் பாதிரியார் 1983ஆம் ஆண்டில் இம்முறைக்கு வழிகண்டார். 14 நாள் வயதுள்ள இளநாற்றைக் குத்துக்கு ஒன்றாக, 22.5 சென்டிமீட்டர் சதுர இடைவெளியில் நடுகிறோம். சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 20 குத்துகளே அமையும். வழக்கமான 20க்கு 10 சென்டிமீட்டர் இடைவெளியில் 50 குத்துகள் அமைகின்றன. குத்துகள் பாதிக்கும் குறைவாயினும், ஒவ்வொரு குத்திலும் தூர்கள் மிகுதலால் விளைச்சல் குறைவதில்லை. ஓர் எக்டேருக்கு 7 அல்லது 8 கிலோ விதை போதும். இடம் கிடைத்தால் தூர் பெருகும் என்பதே இதன் பாடம்.

கரும்பும் வாழையும்

கரும்பில் தூர் இருமுறை பயன் தருகிறது. நட்ட பயிர் தூர் கட்டி வளர்ந்து வெட்டப்பட்டபின், மண்ணில் எஞ்சும் கட்டையே மறுதாம்புப் பயிரை அளிக்கிறது. கோயம்புத்தூரில் 1912ஆம் ஆண்டு தொடங்கிய கரும்பு இனப்பெருக்க நிலையத்தில், சாற்றுக் கரும்பைக் காட்டுக் கரும்புடன் கலந்து பெற்ற கோ 205 என்னும் இரகம் 1918இல் வெளியிடப்பட்டது. காட்டுக் கரும்பு தந்த செல்வங்களுள் மிகுதியாகத் தூர் கட்டும் இயல்பும், மறுதாம்பில் தழைக்கும் இயல்பும் தலையாயவை. ஒரு புதர்ச்செடியின் குணம் நாட்டின் சர்க்கரைத் தொழிலுக்கு உதவிற்று.

மறுதாம்புக்கு விடும்போது கட்டையை நிலமட்டத்திற்குக் கீழாகக் கூரிய கருவியால் சீவிவிடுதல் வேண்டும். உயரக் கட்டை விட்டால், மேற்கணுக்களிலிருந்து வரும் முளைகள் வேரூன்றாது சாயும். முளைக்காத இடங்களை ஒரு திங்களுக்குள் நிரப்புதலும், நட்ட பயிரைவிடத் தழைச்சத்தை நாலில் ஒரு பங்கு கூட்டி இடுதலும் அவசியம். வளர்ந்தபின் அடியில் உயர்த்தி மண் அணைப்பது, காலங்கடந்து வெடிக்கும் வீண் தூர்களை அடக்கவும், கரும்பு சாயாது நிற்கவும் உதவும்.

வாழையின் தூரிலும் இதே நியதியைக் காண்கிறோம். வாழையடி வாழை என்று வாழ்த்துகிறோம். ஆனால் எழும் கன்றுகளையெல்லாம் விட்டுவைத்தால் தாயும் மெலியும், கன்றும் மெலியும். அகன்ற இலையுடைய நீர்க்கன்றுகளை நீக்கி, ஒடுங்கிய ஈட்டி போன்ற இலையுடைய கன்றையே தேர்ந்து வளர்த்தல் வேண்டும். தூர் பெருகுவதுபோலவே, அளவறிந்து நிறுத்துவதும் உழவின் ஒரு கூறாகும்.

கொய்யாவில் தூர்ப் பதியன்

இப்போது முகாமில் பேசப்பட்ட ‘ஸ்டூல் படுக்கை’க்கு வருவோம். இதனைத் தூர்ப் பதியன் எனலாம். இங்கிலாந்தில் ஈஸ்ட் மாலிங் என்னுமிடத்தில் 1913இல் தொடங்கிய ஆராய்ச்சி நிலையம் ஆப்பிளின் வேர்க்கன்றுகளைத் தரப்படுத்திப் புகழ்பெற்றது. அக்கன்றுகள் இவ்வகைப் படுக்கைகளிலேயே பெருக்கப்படுகின்றன. நம் நாட்டில் கொய்யாவுக்கு இம்முறை பயன்படுகிறது.

பதியன் முறையில் கிடைத்த தாய்ச்செடிகளை அரை மீட்டர் இடைவெளியில் நட்டு, சில ஆண்டுகள் வேரூன்ற விட்டு, நிலமட்டத்தில் வெட்டிவிடுவர். தூரிலிருந்து புதுத் துளிர்கள் எழும். அவை ஓரடி வளர்ந்ததும், அடியில் ஓரங்குலம் அளவு பட்டையை வளையமாக உரித்து, வேரூக்கி தடவி, ஈரமண்ணைக் குவித்து மூடுவர். மழைக்காலம் தொடங்கி இரண்டு திங்களில் ஒவ்வொரு துளிரும் தனக்கென வேர் விடும். அதனைத் தாயினின்று அறுத்துத் தனிக் கன்றாக வளர்க்கலாம். தாய்த்தூர் மீண்டும் துளிர்க்கும். கரும்பில் தூரை அடக்கிய அதே மண் அணைப்பு, இங்கு வேரை வரவழைக்கிறது. செயல் ஒன்றாயினும், பருவமும் நோக்கமும் வேறாயின் பயனும் வேறாகும்.

ஏரியின் தூர்

இனி ஊராட்சியின் நேரடிப் பொறுப்புக்கு வருவோம். தமிழ்நாட்டில் 39,000க்கு மேற்பட்ட ஏரிகள் உள்ளன. அவற்றுள் 40 எக்டேருக்குக் குறைந்த ஆயக்கட்டு உடையவை ஊராட்சி ஒன்றியங்களின் பராமரிப்பில் உள்ளன. முற்காலத்தில் ஊரார் கூடிச் செய்த குடிமராமத்து நாளடைவில் மறைந்தது. 2017ஆம் ஆண்டு அரசு அதனை மீண்டும் தொடங்கியது.

ஏரியின் அடியில் ஓர் ஏக்கர் பரப்பில் ஓரடி வண்டலை அகற்றினால், ஏறத்தாழ 1,230 கன மீட்டர், அதாவது 12 லட்சம் லிட்டருக்கு மேற்பட்ட நீருக்கு இடம் கிடைக்கும். ஒரு டிராக்டர் பெட்டி 3 கன மீட்டர் ஏற்றுமானால், 400 நடைக்கும் மேல் மண் எடுத்தல் வேண்டும். இக்கணக்கை அறிந்தவர், ‘ஏரி முழுவதும் தூர் வாரப்பட்டது’ என்று யாரேனும் கூறின், எத்தனை நடை மண் எங்கே சென்றது என்று கேட்பர்.

இக்கேள்வியை எம்மிடமே ஒருவர் கேட்டார். எம் பணியின் தொடக்க ஆண்டுகளில் ஒரு சிற்றூர் ஏரிக்கு மதிப்பீடு தயாரித்தோம். அதில் தூர் வாருதல் என்று எழுதினோமேயன்றி, வாரிய மண்ணைச் சேர்க்க வேண்டிய இடத்தை எழுதவில்லை. மண் கரையின் உட்சரிவிலேயே குவிக்கப்பட்டது. முதல் பெருமழையில் அதில் பெரும்பகுதி ஏரிக்குள் திரும்பிவிட்டது. அவ்வூர் நீர்க்கட்டியாக இருந்த முதியவர் எம்மைக் கரைக்கு அழைத்துச் சென்று, “தூர் எடுத்தது சரி ஐயா. எடுத்த தூருக்கு இடம் சொன்னீர்களா?” என்றார். அவருக்கு விடை சொல்ல எம்மால் இயலவில்லை. பிழை ஒப்பந்தக்காரருடையதன்று, எம் மதிப்பீட்டில் விடுபட்ட ஒரு வரியினுடையது. அன்றுமுதல் மண் சேரும் இடத்தை எழுதாமல் எந்த மதிப்பீட்டிலும் நாம் கையொப்பமிட்டதில்லை.

ஊராட்சியினர் கவனிக்க வேண்டியவை சில. கரையின் அடியை ஒட்டிக் குழி தோண்டலாகாது, கரை வலுவிழக்கும். மதகின் அடிமட்டத்திற்குக் கீழே ஆழப்படுத்தினால் அந்நீர் வயலுக்குப் பாயாது. கால்நடைக்கும் நிலத்தடி நீருக்குமே உதவும். ஆதலின் ஆழப்படுத்தும் நோக்கத்தை முன்னரே முடிவு செய்க. வரத்துக் கால்வாயைச் சீர் செய்யாமல் ஏரியை மட்டும் ஆழப்படுத்துதல் வெறும் பள்ளம் பறிப்பதேயாகும். வண்டல் வயலுக்கு நல்லுரம். ஆயினும் உரிய அனுமதி பெற்றே எடுத்தல் வேண்டும். உவர்த்தன்மை உள்ளதா என்று மண் பரிசோதனை செய்தபின்னரே வயலில் இடுக.

கிணற்றின் தூர்: ஓர் எச்சரிக்கை

நெடுநாள் பயன்படுத்தாத கிணற்றில் தூர் வார இறங்குவோர் மயங்கி வீழ்ந்து இறக்கும் செய்திகளை அவ்வப்போது காண்கிறோம். அவரை மீட்க இறங்கிய இரண்டாமவரும், மூன்றாமவரும் இறப்பது அதனினும் கொடுமை. அழுகிய சேற்றைக் கிளறும்போது நச்சு வாயு எழும். அடியில் கரியமில வாயு தங்கி உயிர்வாயு குறையும். விளக்கை இறக்கிப் பார்க்கும் பழைய வழக்கத்தை நம்பலாகாது. அது நச்சு வாயுவைக் காட்டாது. எரியும் வாயு இருப்பின் தீயே பற்றும்.

இறங்குமுன் காற்றடிக்கும் கருவியால் நெடுநேரம் காற்றைச் செலுத்துக. வாயுமானி கொண்டு சோதித்தபின்னரே இறங்குக. இடுப்பில் கயிறு கட்டி, மேலே இருவர் பிடித்திருத்தல் வேண்டும். டீசல் இயந்திரத்தைக் கிணற்றுக்குள் இறக்கி இயக்கலாகாது. அதன் புகையும் உயிர் கொல்லும். ஒருவர் மயங்கினால் எவரும் இறங்காமல், கயிற்றால் இழுக்க முயன்றுகொண்டே தீயணைப்பு நிலையத்தை 101 அல்லது 112 என்னும் எண்ணில் அழைக்க. ஊராட்சி உறுப்பினர் ஒவ்வொருவரும் இதனைத் தம் பகுதியில் கிணறு வெட்டும் தொழிலாளர் அனைவருக்கும் நேரில் எடுத்துரைத்தல் கடமையாகும்.

முடிவுரை

பயிரின் தூருக்கு இடம் தருக. ஏரியின் தூரை அகற்றுக. கிணற்றின் தூருக்கு அஞ்சி முறையாக அணுகுக. மூன்றும் ஒரே சொல்லால் வழங்கினும், மூன்றிற்கும் செய்யத்தக்கன வெவ்வேறு. தீர்மானம் எழுதும்போதும், மதிப்பீடு கேட்கும்போதும், எந்தத் தூர், எவ்வளவு, எங்கே என்பதைத் தெளிவாக எழுதுவோமாக.

கூட்டத்தில் கலந்தாராய வேண்டிய வினாக்கள்

1. நம் ஊரில் நெல் நாற்று எத்தனை நாள் வயதில் நடப்படுகிறது? எவ்வளவு ஆழத்தில்?

2. மறுதாம்புக் கரும்பில் கட்டை சீவும் வழக்கம் உண்டா?

3. நம் ஏரியில் கடைசியாகத் தூர் வாரியது எந்த ஆண்டு? எடுத்த மண் எங்கே சென்றது?

4. வரத்துக் கால்வாய் எந்த இடத்தில் தூர்ந்துள்ளது?

5. நம் ஊரில் பயனற்றுக் கிடக்கும் கிணறுகள் எத்தனை? அவற்றில் இறங்குவோருக்கு வாயுமானியும் காற்றடிக்கும் கருவியும் எங்கிருந்து கிடைக்கும்?