பண்டிகைச் சரக்கு: ஏகார்ன் கணினி தரும் பாடம்

ஒரு பொங்கலுக்கு வெல்லம் போதாமல் போனால், அடுத்த பொங்கலுக்கு இரு மடங்கு வாங்கி அடுக்குவது நம் வணிகர்களில் பலருக்கும் வழக்கம். அம்பத்தூரானாலும் ஆவடி, பூவிருந்தவல்லியானாலும், மாசியில் கிடங்கில் கசிந்து நிற்கும் வெல்லத்தைப் பார்க்கும்போது ஓர் ஆங்கிலேயக் கணினி நிறுவனத்தின் கதையை நாம் நினைத்துப் பார்க்க வேண்டும்.

கேம்பிரிட்ஜில் 1978-இல் தொடங்கிய ஏகார்ன் நிறுவனம், 1981-இல் பி.பி.சி. மைக்ரோ கணினியை வெளியிட்டுப் பெயர் பெற்றது. நம் நாட்டில் 1984-இல் தொடங்கிய 'கிளாஸ்' பள்ளிக் கணினிக் கல்வித் திட்டத்திலும் அந்தக் கணினியே இடம்பெற்றது. அதன் தம்பியாக, வீடுகளுக்கென்று 199 பவுண்டு விலையில் 1983 ஆகஸ்டில் எலெக்ட்ரான் வந்தது.

அங்கே கிறிஸ்துமஸ்தான் பெரிய வியாபாரக் காலம். அந்தக் கிறிஸ்துமஸுக்கு ஏறத்தாழ 3 லட்சம் எலெக்ட்ரானுக்கு ஆர்டர் குவிந்தது. அதற்குரிய முக்கியச் சில்லு ஒன்று பழுதின்றிப் போதிய அளவில் கிடைக்கவில்லை. கொடுக்க முடிந்தது சுமார் 30,000 மட்டுமே.

விட்டதைப் பிடிக்க எண்ணிய நிறுவனம் பெருமளவு உற்பத்திக்கு ஏற்பாடு செய்தது. 1984 கிறிஸ்துமஸில் சரக்கு இருந்தது, சந்தை மந்தமாகிவிட்டது. சுமார் இரண்டரை லட்சம் கணினிகள் தேங்கின. விலையை 129 பவுண்டாகக் குறைத்தார்கள். 1985 பிப்ரவரியில் இத்தாலியின் ஒலிவெட்டி நிறுவனம் 49.3 சதவீதப் பங்கை வாங்கிக் கைகொடுக்க வேண்டியதாயிற்று.

திறமைக்கு அங்கே பஞ்சமில்லை. அதே 1985-இல் ஏகார்ன் பொறியாளர்கள் உருவாக்கிய 'ஆர்ம்' சில்லின் வழிவந்தவைதான் இன்று நம் கல்லாவருகே உள்ள கைப்பேசிகளில் இயங்குகின்றன. முடங்கிய முதல்தான் நிறுவனத்தைச் சாய்த்தது.

நாம் கடைப்பிடிக்க வேண்டியவை:

1. கேட்டவர் எல்லாம் வாங்குபவர் அல்லர். கிடைக்காத சரக்கை ஒரே வீட்டார் நாலு கடையில் கேட்டிருப்பார்கள். 'இல்லை' என்று அனுப்பியதைத் தனி நோட்டில் பெயரோடு குறித்து வையுங்கள்.

2. பண்டிகைக் கொள்முதலை இரண்டாகப் பிரியுங்கள். முதல் பாதி விற்கும் வேகத்தைப் பார்த்து மறுபாதிக்குச் சொல்லுங்கள்.

3. முன்பணம் தருமுன் சரக்கு வந்துசேர வேண்டிய கடைசி நாளையும், மீதத்தைத் திருப்பும் விதத்தையும் மொத்த வியாபாரியிடம் எழுத்தில் பெறுங்கள்.

விற்காமல் போன வியாபாரம் ஒருநாள் வருத்தம். விற்காமல் நின்ற சரக்கோ, வட்டியோடு வளரும் கடன்.