சுவடிக்குள் மறைந்திருந்த கத்தி



கார்த்திகை மாதத்து உத்திர நாளில் மெய்ப்பொருள் நாயனாரின் குருபூசை நடைபெறுவது வழக்கம். எமது ஆலயத்தின் சமய வகுப்பிலும் அவருடைய வரலாறு பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கப்படுகிறது. இம்முறை அந்த வரலாற்றைப் பெரியவர்களாகிய நாமும் ஒரு தடவை ஊன்றிப் படிக்க வேண்டியிருக்கிறது. அதற்குக் காரணம் உண்டு.

எமது சபையின் மூத்த அங்கத்தவர் ஒருவர், வெள்ளிக்கிழமைப் பூசைக்குத் தவறாது வருபவர், சில மாதங்களாக ஆலயத்துக்கு வரவில்லை. சுகவீனமாக இருக்கும் என்றே நினைத்தோம். வீட்டுக்குப் போய்ப் பார்த்தபோதுதான் விடயம் தெரிந்தது. ஓய்வு பெற்றபோது கிடைத்த பணத்தில் பெரும் பங்கை, இந்நாட்டில் நன்கு பெயர் பெற்ற ஒரு நிதி நிறுவனத்தில் முதலிடுவதாக நம்பி, அந்த நிறுவனத்தின் பெயரைத் திருடிக்கொண்டு வந்தவர்களுக்கு அனுப்பிவிட்டார். நான்கு மாதமாக மனைவிக்குக்கூடச் சொல்லவில்லை. "காசு போனது ஒரு பக்கம். கணக்காளரா இருந்த மனுசன் ஏமாந்திட்டான் எண்டு நாலு சனம் கதைக்குமே, அதுதான் தாங்கேலாமல் கிடந்தது" என்றார். மற்றவர்கள் தப்பிக்கொள்ள வேண்டும் என்பதற்காக, பெயர் குறிப்பிடாமல் இதை எழுதும்படி அவரே எம்மைக் கேட்டுக்கொண்டார். ஆகவே இப்பாடத்தை எழுதுகிறோம்.

முத்தநாதன் வந்த விதம்

சேக்கிழார் சுவாமிகள் பெரியபுராணத்தில் கூறும் வரலாறு இது. சேதி நாட்டுத் திருக்கோவலூரில் அரசு செய்தவர் மெய்ப்பொருள் நாயனார். திருநீறும் சடைமுடியும் தாங்கிய அடியார் வேடத்தையே மெய்ப்பொருள் என்று கொண்டவர். அவரைப் போரில் வெல்ல முடியாமல் பலமுறை தோற்றவன் முத்தநாதன். படையால் முடியாததை வேடத்தால் முடிக்கத் துணிந்தான். உடல் எங்கும் நீறு பூசி, சடையை முடித்து, சுவடிக் கட்டு ஒன்றில் கத்தியை மறைத்துக்கொண்டு இரவில் அரண்மனைக்கு வந்தான். வேடத்தைக் கண்ட காவலர்கள் கைகூப்பி வழிவிட்டனர். கடைசி வாயிலில் நின்ற தத்தன் மாத்திரம், அரசர் உறங்குகிறார், காலம் அறிந்து செல்ல வேண்டும் என்று தடுத்தான். முத்தநாதன் அதைக் கேளாமல் உள்ளே நுழைந்தான். எங்கும் கிடைக்காத ஆகமம் ஒன்றைக் கொண்டுவந்திருப்பதாக அரசரிடம் சொன்னான். அதைச் சொல்ல வேண்டுமானால் அரசி அங்கே இருக்கலாகாது, தனிமை வேண்டும் என்றான். நாயனாரும் தேவியாரை உள்ளே அனுப்பி, அவனை உயர்ந்த ஆசனத்தில் இருத்தி, தாம் கீழே அமர்ந்து வணங்கினார். சுவடியை அவிழ்ப்பவன் போலக் கட்டை அவிழ்த்தவன் தான் நினைத்ததைச் செய்தான்.

இதில் முத்தநாதன் கையாண்ட உபாயங்கள் நான்கு. ஒன்று, மதிப்புக்குரிய வேடம். இரண்டு, வேறெங்கும் கிடைக்காத பொருள். மூன்று, காத்திருக்க விடாத அவசரம். நான்கு, வீட்டாரை விலக்கிய தனிமை. எமது பெரியவரிடம் வந்தவர்களும் இந்த நான்கையும் இதே முறையிற்றான் கையாண்டார்கள்.

இன்றைய வேடம்

பிரித்தானியாவில் நிதி நிறுவனங்களைக் கண்காணிப்பது எஃப்.சி.ஏ. எனப்படும் அதிகார சபை. அது அனுமதி பெற்ற நிறுவனங்களின் பதிவேடு ஒன்றை யாவரும் பார்க்கும்படி இணையத்தில் வைத்திருக்கிறது. நிறுவனத்தின் பெயர், அதற்குரிய பதிவு இலக்கம், முகவரி யாவும் அதில் இருக்கும். மோசடிக்காரர் இந்தப் பதிவேட்டைத் திறந்து நல்ல நிறுவனம் ஒன்றைத் தெரிவு செய்கிறார்கள். அதன் பெயரையும் இலக்கத்தையும் முகவரியையும் அப்படியே எடுத்து, தொலைபேசி இலக்கத்தையும் மின்னஞ்சலையும் இணையத்தளத்தையும் மட்டும் தங்களுடையதாக வைத்துக்கொள்கிறார்கள். இணையத்தள முகவரியில் ஓர் எழுத்தோ ஒரு சிறு கோடோதான் வேறுபடும். இப்படிப்பட்டவற்றை இங்குள்ள அதிகாரிகள் 'குளோன்' நிறுவனங்கள் என்று அழைக்கிறார்கள்.

எமது பெரியவர் கணினியில் நல்ல வட்டி தரும் முதலீட்டுப் பத்திரம் எது என்று தேடியிருக்கிறார். ஒப்பீட்டுத் தளம் போலத் தோன்றிய ஒன்றில் தமது பெயரையும் தொலைபேசி இலக்கத்தையும் கொடுத்திருக்கிறார். மறுநாளே மரியாதையான ஆங்கிலத்தில் ஒருவர் அழைத்தார். அழகிய கையேடு தபாலில் வந்தது. கடவுச்சீட்டின் பிரதியும் மின்சாரக் கட்டணச் சீட்டும் கேட்டார்கள். உண்மையான நிறுவனங்களும் அவற்றைக் கேட்பதால் அதுவே நம்பிக்கையை வளர்த்தது. சொன்ன வட்டிகூடப் பேராசையைத் தூண்டும் வட்டி அல்ல. வங்கி தருவதிலும் ஒன்றிரண்டு வீதம் கூடுதல், அவ்வளவே. பத்திரம் வெள்ளிக்கிழமையுடன் முடிகிறது என்றார்கள். உடன்படிக்கை கையெழுத்தாகும் வரை இதைப்பற்றி வெளியே பேச வேண்டாம் என்றும் சொல்லிவைத்தார்கள்.

அவர் சோதித்துப் பார்க்காமலும் இல்லை. எஃப்.சி.ஏ. பதிவேட்டைத் திறந்தார். பெயர் இருந்தது. இலக்கம் சரி. முகவரியும் சரி. மனம் ஆறுதல் அடைந்து பணத்தை அனுப்பினார். பெயர் உண்மை, இலக்கம் உண்மை, முகவரி உண்மை. தொலைபேசியின் மறுமுனையில் இருந்தவர் மட்டுமே பொய். இப்பாடத்தின் சாரம் இதுதான். பெயரைச் சோதிப்பது வேடத்தைச் சோதிப்பது போன்றது. நீறு உண்மையான நீறுதான், சுவடியும் உண்மையான சுவடிதான். அதைத் தாங்கி வந்தவன் யார் என்பதல்லவா கேள்வி?

அவர் தனியாக ஏமாந்தவர் அல்லர். 2020ஆம் ஆண்டில் மாத்திரம் இவ்வகைக் குளோன் மோசடிகளில் 78 மில்லியன் பவுணுக்கு மேல் பறிபோனதாக எஃப்.சி.ஏ. 2021 ஜனவரியில் அறிவித்தது. ஒருவர் இழந்த தொகை சராசரியாக 45,242 பவுண். அப்போது முதலீட்டாளரிடம் நடத்திய ஆய்வில், தம்மால் மோசடியை இனங்காண முடியும் என்று 75 வீதமானோர் கூறினர். ஆனால் குளோன் நிறுவனம் என்றால் என்னவென்று 77 வீதமானோருக்குத் தெரியவில்லை, அல்லது உறுதியாகத் தெரியவில்லை. தெரியும் என்ற எண்ணமே காவலைத் தளர்த்திவிடுகிறது.

தத்தனைப் போல வாயிலில் நிற்போம்

சமய வகுப்பில் ஒரு பிள்ளை, "அப்படியென்றால் நாயனார் செய்தது பிழையா?" என்று கேட்டது. நல்ல கேள்வி. நாயனார் தமது உயிரையே வேடத்துக்கு ஒப்புக்கொடுத்தார். அது பக்தியின் நெறி. ஆனால் நாம் அனுப்பும் பணம் எமக்கு மட்டும் உரியதல்ல. அது மனைவியின் முதுமைக் காலத்துக்கு உரியது, மகளின் வீட்டு முற்பணம், ஊரில் இருக்கும் சகோதரத்தின் மருந்துச் செலவு. அந்த வாயிலில் நாம் தத்தனாகவே நிற்க வேண்டும். தத்தன் சரியாகவே தடுத்தான். தடுத்ததில் உறுதியாக நிற்கவில்லை என்பதே குறை. எனவே பின்வரும் ஐந்தையும் உறுதியாகக் கடைப்பிடிப்போம்.

1. அழைத்தவர் தந்த இலக்கத்துக்கோ, அவர் அனுப்பிய கையேட்டில் உள்ள இலக்கத்துக்கோ திரும்ப அழைக்க வேண்டாம். எஃப்.சி.ஏ. பதிவேட்டை நாமே திறந்து, அதில் உள்ள தொலைபேசி இலக்கத்துக்கு அழைத்து, "உங்களிடமிருந்து இன்னார் என்னுடன் பேசினாரா? இப்படி ஒரு பத்திரம் உண்டா?" என்று கேட்போம். கைத்தொலைபேசித் திரையில் நிறுவனத்தின் பெயர் தோன்றுவது சான்றாகாது. அதையும் போலியாகத் தோன்றச் செய்யலாம்.

2. பதிவேட்டில் இலக்கம் இல்லாவிட்டாலோ, "அது பழைய இலக்கம், இப்போது மாறிவிட்டது" என்று அழைத்தவர் சொன்னாலோ, எஃப்.சி.ஏ.யின் பொதுமக்கள் உதவி இலக்கமான 0800 111 6768 உடன் தொடர்பு கொள்வோம். எச்சரிக்கப்பட்ட நிறுவனங்களின் பட்டியலும் அச்சபையின் இணையத்தளத்தில் உண்டு. ஆனால் நேற்று முளைத்த போலி அதில் இன்று இராது. பட்டியலில் பெயர் இல்லை என்பதால் அது நல்லது என்று ஆகிவிடாது.

3. பணம் அனுப்பும்போது, கணக்கின் பெயர் பொருந்தவில்லை என்று வங்கி எச்சரித்தால் அங்கேயே நிறுத்துவோம். "அது எங்கள் வாடிக்கையாளர் கணக்கு, பெயர் வேறாகத்தான் இருக்கும்" என்ற விளக்கத்தை ஏற்க வேண்டாம். எமது பெரியவரும் அந்த எச்சரிக்கையைக் கண்டவர்தான். அவர்கள் சொன்ன விளக்கத்தைக் கேட்டு அதைத் தாண்டிப்போனார்.

4. ஓய்வூதியம் பற்றி யாராவது தாமாகவே தொலைபேசியில் அழைத்தால் உடனே வைத்துவிடலாம். அப்படி அழைப்பது 2019 ஜனவரி முதல் இந்நாட்டில் தடை செய்யப்பட்டுள்ளது. மிகச் சில விலக்குகளே உண்டு.

5. வீட்டில் ஒருவருக்குச் சொல்லாமல் எந்த முதலீடும் செய்வதில்லை என்று குடும்பமாகத் தீர்மானிப்போம். அரசியை வெளியே அனுப்பச் சொன்னபோதே சுவடிக்குள் என்ன இருக்கிறது என்று கேட்டிருக்க வேண்டும். "யாருக்கும் சொல்லாதீர்கள்" என்று சொல்பவருக்கு எமது பதில், "அப்படியென்றால் வேண்டாம்" என்பதாகவே இருக்கட்டும்.

எம்மவரிடையே இன்னொரு வழியாலும் இது பரவுகிறது. ஊரிலும் இங்கும் சீட்டுப் பிடித்துப் பழகியவர்கள் நாம். முகத்தைப் பார்த்து நம்புவது எமது வழக்கம். மோசடிக்காரர் சில வேளை முதல் இரண்டு மாத வட்டியை ஒழுங்காகக் கொடுப்பார்கள். அதைப் பெற்றவர் மனம் மகிழ்ந்து அன்னதான மண்டபத்தில் நாலு பேருக்குச் சொல்வார். அவர் பொய் சொல்லவில்லை. ஆனால் அவருக்கு வட்டியாக வந்தது அவருடைய சொந்தப் பணத்தின் ஒரு துண்டு, அல்லது அவருக்குப் பின் சேர்ந்தவரின் பணம். ஆகவே ஆலயத்தில் கேள்விப்பட்டது என்பதும் ஒரு சான்றல்ல.

பணம் போய்விட்டால்

உடனே வங்கிக்கு அறிவிக்க வேண்டும். 159 என்ற இலக்கத்தை அழைத்தால் பெரும்பாலான பிரித்தானிய வங்கிகளின் மோசடிப் பிரிவுடன் பாதுகாப்பாக இணைப்பார்கள். பொலிசாருக்கும் முறையிட வேண்டும். 2024 ஒக்டோபர் 7 முதல், ஏமாற்றப்பட்டு உள்நாட்டுக் கணக்கொன்றுக்கு உடனடி வங்கி மாற்றல் மூலம் அனுப்பிய பணத்தை, 85,000 பவுண் வரை, வங்கிகள் மீளக்கொடுக்க வேண்டும் என்ற விதி நடைமுறைக்கு வந்தது. கடைசியாகப் பணம் அனுப்பிய நாளிலிருந்து 13 மாதங்களுக்குள் கோரிக்கை வைக்க வேண்டும். வெளிநாட்டுக் கணக்குக்கு அனுப்பியதற்கும் கிரிப்டோ நாணயமாக மாற்றி அனுப்பியதற்கும் இவ்விதி உதவாது. வங்கியின் எச்சரிக்கைகளை மிகவும் கவனயீனமாகப் புறக்கணித்தவரின் கோரிக்கையை மறுக்கவும் இடமுண்டு. எனினும் தாமே முடிவு செய்துகொண்டு கேளாமல் இருந்துவிட வேண்டாம். எமது பெரியவர் நான்கு மாதம் மறைத்தாலும் காலம் கடந்துவிடவில்லை. அவருடைய கோரிக்கை இப்போது வங்கியின் பரிசீலனையில் இருக்கிறது.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். பணத்தை இழந்தவரைத் தேடி இரண்டாவது முத்தநாதன் வருவான். சட்டத்தரணி என்றோ அதிகாரி என்றோ சொல்லிக்கொண்டு, "உங்கள் பணத்தைக் கண்டுபிடித்துவிட்டோம், விடுவிக்க ஒரு கட்டணம் செலுத்துங்கள்" என்பான். ஏமாந்தவர்களின் பெயர்ப் பட்டியலை இவர்கள் தமக்குள் விற்று வாங்குகிறார்கள். ஒரு பவுண்கூடக் கொடுக்க வேண்டாம்.

வெட்கம் யாருக்கு?

நாயனார் வீழ்ந்தபோது, வேடமிட்டு வந்தவனை ஊரார் துன்புறுத்தாதபடி எல்லை கடத்திவிடுமாறு தத்தனுக்குக் கட்டளையிட்டார். தத்தன் திரும்பி வந்து சொல்லும்வரை உயிரைத் தாங்கியிருந்தார். இன்றுவரை அவரை ஏமாந்தவர் என்று எவரும் இகழ்ந்ததில்லை. நாயனார் என்று கைகூப்புகிறோம். இழிசொல் முழுவதும் முத்தநாதனுக்கே உரியது. எமது ஆலயத்திலும் அப்படியே இருக்கட்டும். பணத்தை இழந்த ஒருவர் வாய் திறந்து சொல்லும்போது, "இவ்வளவு படிச்சும் விளங்கேல்லையோ?" என்று கேட்கும் நாக்கு அடுத்தவரின் வாயை அடைத்துவிடுகிறது. வாய் அடைத்தவர் 13 மாதத்தையும் கடத்திவிடுவார்.

எமது பெரியவர் சென்ற வெள்ளிக்கிழமை பூசைக்கு வந்திருந்தார். மனைவியும் கூட வந்தார். பிரசாதம் வாங்கும்போது, "எழுதியாச்சோ?" என்று கேட்டார். எழுதிவிட்டோம் ஐயா.

வீட்டில் கூடியிருந்து பேச மூன்று கேள்விகள்

1. முத்தநாதனின் நான்கு உபாயங்களில் எது உங்களிடம் எளிதில் பலிக்கும்?

2. உங்கள் வங்கியும் முதலீட்டு நிறுவனமும் தரும் உண்மையான தொலைபேசி இலக்கங்கள் ஒரு தாளில் எழுதி வீட்டில் வைக்கப்பட்டுள்ளனவா?

3. பெற்றோர் பெருந்தொகை அனுப்புமுன் யாரிடம் சொல்வார்கள்? பிள்ளைகள் யாரிடம் சொல்வார்கள்?

இப்பாடத்தின் சுருக்கத்தை இளையோருக்காக ஆங்கிலப் பக்கத்திலும் தந்துள்ளோம். பேரப்பிள்ளைகளை அருகில் இருத்தி, எஃப்.சி.ஏ. பதிவேட்டைத் திறந்து பார்க்கும் முறையை ஒருமுறை அவர்களுடன் சேர்ந்து பழகிக்கொள்ளுங்கள். எல்லாம் வல்ல இறைவனின் திருவருள் யாவருக்கும் துணை நிற்பதாக.