ஆசிரியர் வேலை: எந்தப் பள்ளியில் எந்தச் சம்பளம்?

நாகூரில் காரைக்கால் பஸ் ஏறினால் சற்று நேரத்தில் வாஞ்சூர் எல்லை வந்துவிடும். எல்லைக்கு அந்தப் பக்கம் புதுச்சேரி அரசின் தொடக்கப்பள்ளியில் புதிதாகச் சேரும் ஆசிரியருக்கு அடிப்படை ஊதியம் 35,400 ரூபாய். இந்தப் பக்கம் தமிழ்நாடு அரசின் தொடக்கப்பள்ளியில் சேர்பவருக்கு 20,600. இரண்டு இடத்திலும் பிளஸ் டூவுக்குப் பிறகு படிக்கும் அதே ஆசிரியர் பயிற்சி டிப்ளமாதான் தகுதி. ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகள் அழுவதும் சிரிப்பதும் அதே தமிழில்தான்.

புதுச்சேரி ஒன்றியப் பிரதேசம் என்பதால் அங்கே மத்திய அரசின் ஊதிய விகிதம் செல்லும். தமிழ்நாட்டுக்குத் தனி விகிதம். அவ்வளவுதான் விஷயம், ஆனால் அந்த அவ்வளவு, மாதம் பதினான்காயிரத்து எண்ணூறு ரூபாய். 'வாத்தியார் வேலைக்கு என்ன குறைச்சல், கை நிறையச் சம்பளம்' என்று கல்யாணத் தரகர்கள் பொத்தாம்பொதுவாகச் சொல்வதில் பாதி உண்மைதான் இருக்கிறது. எந்தப் பள்ளி, எந்தப் பதவி, எந்தத் தேதியில் சேர்ந்தார், சம்பளப் பணம் எந்தக் கணக்கிலிருந்து வருகிறது என்ற நான்கும் தெரியாமல் ஓர் ஆசிரியரின் வருமானத்தைப் பற்றி எதுவும் சொல்ல முடியாது. எவ்வளவு நன்றாகப் பாடம் நடத்துகிறார் என்பது இந்தப் பட்டியலில் இல்லை என்பதையும் கவனிக்க வேண்டும்.

முதலில் தேதியின் கதை. 20,600 என்ற எண் எங்கிருந்து வந்தது? ஆறாவது ஊதியக் குழுவை மாநிலம் நடைமுறைப்படுத்தியபோது, 2009 மே 31 வரை பணியில் சேர்ந்திருந்த, தொடக்க வகுப்புகளுக்குக் கற்பிக்கும் இடைநிலை ஆசிரியர்களுக்கு 8,370 ரூபாயும், ஜூன் 1 முதல் சேர்ந்தவர்களுக்கு 5,200 ரூபாயும் அடிப்படை என்று ஆனது. தர ஊதியம் இருவருக்கும் ஒன்றே, 2,800. ஒரே நாள் இடைவெளியில் 3,170 ரூபாய் வித்தியாசம். அடுத்த ஊதியக் குழு வந்தபோது 5,200-ஐயும் 2,800-ஐயும் கூட்டி 2.57 ஆல் பெருக்கினார்கள். 20,560 வந்தது, 20,600 ஆக்கினார்கள். அகவிலைப்படியும் ஆண்டு உயர்வும் அடிப்படையின் மேல்தான் கணக்கிடப்படுகின்றன. அதனால் இடைவெளி வருடா வருடம் வளர்கிறது. சென்னையில் பள்ளிக் கல்வித் துறையின் டிபிஐ வளாகத்தில் 'சம வேலைக்குச் சம ஊதியம்' என்று இடைநிலை ஆசிரியர்கள் 2018 முதல் திரும்பத் திரும்ப உட்கார்வதற்குக் காரணம் இந்த ஒரு நாள்.

இந்தக் கணக்கு, பிளஸ் டூ முடித்துவிட்டு டிப்ளமாவா, பட்டமும் பி.எட்.டுமா என்று யோசிக்கும் வீட்டுக்கு நேரடியாகப் பொருந்தும். பட்டதாரி ஆசிரியரின் தொடக்க அடிப்படை 36,400. இடைநிலை ஆசிரியர் வருடம் மூன்று சதவீத உயர்வை மட்டும் வைத்து அந்த இடத்தைத் தொட ஏறக்குறைய இருபது ஆண்டாகும். பத்தாம் ஆண்டில் தேர்வுநிலை, இருபதாம் ஆண்டில் சிறப்புநிலை என்று கொஞ்சம் கூடும். இருந்தாலும் தூரம் தூரம்தான். மூன்று ஆண்டுப் பட்டமும் இரண்டு ஆண்டு பி.எட்.டும் என்றால், டிப்ளமாவைவிட மூன்று ஆண்டு கூடுதல். வீட்டுச் சூழல் இடம் கொடுத்தால் அந்த மூன்று ஆண்டைச் செலவழிப்பதே லாபம். சின்னக் குழந்தைகளுக்குச் சொல்லிக்கொடுப்பதில்தான் மனம் ஒட்டுகிறது என்பவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் டிப்ளமா படிக்கட்டும். ஆனால் இந்த எண்களைத் தெரிந்துகொண்டு படிக்கட்டும்.

பட்டதாரி ஆசிரியருக்கும் முதுகலை ஆசிரியருக்கும் இடையே எவ்வளவு இருக்கும்? தொடக்கத்தில் வெறும் 500 ரூபாய். முதுகலை ஆசிரியரின் அடிப்படை 36,900. பிளஸ் ஒன், பிளஸ் டூ பாடச் சுமையையும் பொதுத்தேர்வு நெருக்கடியையும் பார்த்தால் இந்த ஐநூறு ஒரு கேலி. ஆகவே சம்பளத்துக்காக மட்டும் எம்.எஸ்சி. படிப்பதில் பொருளில்லை. வேறு இரண்டு காரணங்கள் உண்டு. மேல்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பதவிக்கு அது குறுக்குவழி. இன்னொன்று, டெட் எனப்படும் ஆசிரியர் தகுதித் தேர்வு எட்டாம் வகுப்பு வரை கற்பிப்பவர்களுக்குத்தான். முதுகலை ஆசிரியர் நேரடியாக டிஆர்பி எனப்படும் ஆசிரியர் தேர்வு வாரியத்தின் தேர்வை எழுதலாம்.

பணியில் சேர்ந்த பிறகு மேற்படிப்பு படித்துச் சம்பளத்தை உயர்த்திக்கொள்ளலாம் என்று பழைய ஆசிரியர்கள் யோசனை சொன்னால் கேட்டுக்கொள்ளலாம், நம்ப வேண்டாம். உயர்கல்விக்கு முன்கூட்டியே ஊதிய உயர்வு தரும் முறை 2020 மார்ச்சில் நிறுத்தப்பட்டது. பிறகு வந்தது ஒரே தடவை கையில் கொடுக்கும் தொகை: முதுகலைக்கு 20,000, பிஎச்.டி.க்கு 25,000. முன்பு ஓய்வூதியம் வரை கூடவே வந்த பலன் இப்போது ஒரு பழைய ஸ்கூட்டர் விலைக்குக்கூட வராது.

இனி ஒரு சம்பளச் சீட்டைப் பிரித்துப் பார்க்கலாம். தமிழ்நாடு அரசு ஊழியர்கள் களஞ்சியம் செயலியில் இதைப் பார்த்துக்கொள்கிறார்கள். புதிதாகச் சேர்ந்த பட்டதாரி ஆசிரியர்: அடிப்படை 36,400. 2025 ஜூலை கணக்கில் அகவிலைப்படி 58 சதவீதம், அதாவது 21,112. இரண்டும் சேர்ந்து 57,512. இதன் மேல் வீட்டு வாடகைப்படி, மருத்துவப்படி 300. வாடகைப்படி ஊருக்கு ஊர் மாறும்; சென்னைக்கு ஒன்று, குக்கிராமத்துக்கு ஒன்று. பிடித்தம் பக்கம், 2003 ஏப்ரலுக்குப் பின் சேர்ந்தவர்களுக்கான பங்களிப்பு ஓய்வூதியத்துக்கு அடிப்படையிலும் அகவிலைப்படியிலும் பத்தில் ஒரு பங்கு, 5,751. அப்புறம் மருத்துவக் காப்பீடு, குடும்ப நல நிதி. சில வருடம் போனால் கூட்டுறவு சொசைட்டி கடனும் அந்தப் பத்தியில் வந்து உட்காரும். இதே கணக்கில் இடைநிலை ஆசிரியருக்கு அடிப்படையும் அகவிலைப்படியும் சேர்ந்து 32,548. ஓய்வூதிய விதிகளில் மாற்றங்கள் பேசப்படும் காலம் இது. சேரும் நாளில் எந்த அரசாணை நடப்பில் இருக்கிறது என்று பார்ப்பது முக்கியம்.

கேந்திரிய வித்யாலயா இதைவிடக் கூடுதல். தொடக்க வகுப்பு ஆசிரியருக்கு 35,400, பட்டதாரிக்கு 44,900, முதுகலைக்கு 47,600 என்று அடிப்படை தொடங்கும். சென்னையில் வேலை என்றால் வாடகைப்படி மட்டும் அடிப்படையில் 30 சதவீதம், போக்குவரத்துப்படி தனி. விலையும் உண்டு. நாட்டின் எந்த மூலைக்கும் மாற்றுவார்கள். ஆவடியில் சேர்ந்து அசாமில் குடித்தனம் வைக்கத் தயாராக இருக்க வேண்டும். இந்தி தெரியாமல் அலுவலகக் கடிதங்களோடு மல்லுக்கட்டவும் வேண்டும். கல்யாணமாகாத இளைஞருக்கு இது நல்ல இடம். வயதான பெற்றோரோடு ஊரில் இருப்பவர் நன்றாக யோசிக்க வேண்டும். அதே பள்ளிகள் வருடத்துக்கு ஒருமுறை நேர்காணல் வைத்து எடுக்கும் ஒப்பந்த ஆசிரியர் வேலை வேறு, இது வேறு. இரண்டையும் குழப்பிக்கொண்டு போகிறவர்கள் நிறைய.

அரசு உதவி பெறும் பள்ளியில் ஊதிய விகிதம் அரசுப் பள்ளியுடையதுதான். ஆளை எடுப்பது நிர்வாகம், சம்பளம் தருவது அரசு. ஊர் மாறுதல் தொல்லை பெரும்பாலும் இல்லை. சிக்கல் ஒப்புதலில் இருக்கிறது: நியமனத்தைக் கல்வித் துறை ஏற்கும் வரை சம்பளம் வராது, அது மாதக்கணக்கில் இழுக்கலாம், நீதிமன்றம் வரையும் போகலாம். மாணவர் எண்ணிக்கை குறைந்தால் பணியிடம் 'உபரி' ஆகிவிடும். சேரும் முன் அந்தப் பணியிடம் அனுமதிக்கப்பட்டதா, கடந்த சில ஆண்டுகளில் பிள்ளைகள் எண்ணிக்கை ஏறுகிறதா இறங்குகிறதா என்று கேட்டுவிட வேண்டும். நியமனத்துக்கு யாராவது பணம் கேட்டால் எழுந்து வந்துவிடுவது நல்லது. அது சட்டவிரோதம் என்பது ஒரு பக்கம். ஒப்புதல் கிடைக்காவிட்டால் அந்தப் பணம் திரும்பாது என்பது மறுபக்கம்.

அரசுப் பள்ளியிலேயே தற்காலிக வேலை கிடைத்தால்? இங்கேதான் நிறையப் பேர் ஆண்டுகளைத் தொலைக்கிறார்கள். பள்ளி மேலாண்மைக் குழு மூலம் 2022-ல் எடுக்கப்பட்ட தற்காலிக ஆசிரியர்களுக்கு இடைநிலைக்கு 7,500, பட்டதாரிக்கு 10,000, முதுகலைக்கு 12,000 என்று தொடங்கி, பிறகு 12,000, 15,000, 18,000 ஆயிற்று. நிரந்தர ஆசிரியர் வந்ததும் இவர்கள் போக வேண்டியதுதான். 2012-ல் ஓவியம், உடற்கல்வி, தையல் போன்ற பாடங்களுக்கு 16,549 பகுதிநேர ஆசிரியர்கள் 5,000 ரூபாய்க்கு எடுக்கப்பட்டார்கள். பதினோரு ஆண்டு போராட்டத்துக்குப் பிறகு 2023-ல் அறிவிக்கப்பட்ட தொகை 12,500.

இந்த வேலைகளில் மனிதர்களைப் பிடித்துவைத்திருப்பது ஒரு பழைய நினைவு. முன்பு தொகுப்பூதியத்தில் எடுக்கப்பட்ட ஆயிரக்கணக்கான ஆசிரியர்கள் 2006 ஜூன் 1 முதல் காலமுறை ஊதியத்துக்குக் கொண்டுவரப்பட்டார்கள். 'நமக்கும் ஒருநாள் அப்படி' என்ற எண்ணம் அதிலிருந்து வந்தது. ஆனால் அவர்கள் காலிப் பணியிடங்களில் எடுக்கப்பட்டவர்கள். திட்ட நிதியில் வாழும் வேலைக்கு அந்த உதாரணம் பொருந்தாது. திட்ட நிதி நின்றால் என்ன ஆகும் என்பதைப் பள்ளிக் கல்வித் திட்டமான சமக்ர சிக்ஷாவின் நிதியில் 2,152 கோடி ரூபாயை 2024-25-ல் மத்திய அரசு தராமல் நிறுத்தியபோது பார்த்தோம். தேர்வுக்குப் படிக்கும்போது கைச்செலவுக்கு ஓரிரு ஆண்டு என்றால் சரி. அதற்கு மேல் வேண்டாம்.

தனியார் பள்ளிக்கு ஒரே சம்பளம் கிடையாது. சிறுநகரத்து நர்சரி பள்ளியில் நான்கு இலக்கத்தில் கொடுப்பவர்களும் உண்டு. பெருநகரத்துச் சர்வதேசப் பாடத்திட்டப் பள்ளிகளிலும் நீட், ஜேஇஇ பயிற்சி நடத்தும் இடங்களிலும் அரசு முதுகலை ஆசிரியரைத் தாண்டி வாங்குபவர்களும் உண்டு. நடுவில் பெரும் கூட்டம் பத்துக்கும் இருபதாயிரத்துக்கும் இடையே நிற்கிறது. பாடமும் பேரத்தைத் தீர்மானிக்கிறது: பிளஸ் டூவுக்கு இயற்பியலும் கணிதமும் எடுப்பவர் கேட்டு வாங்கலாம், தமிழாசிரியருக்கு அந்த வாய்ப்பு குறைவு. தமிழ்நாட்டில் இதைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது.

ஏன் இவ்வளவு குறைவு என்றால், வேலை கேட்டு நிற்கும் பி.எட். பட்டதாரிகளின் கூட்டம் ஒரு காரணம். சட்டம் இன்னொன்று. ஆசிரியர் 'தொழிலாளி' அல்ல என்று தொழில் தகராறு சட்டத்தின் கீழ் உச்ச நீதிமன்றம் 1988-ல் சுந்தராம்பாள் வழக்கில் சொன்னது. குறைந்தபட்சக் கூலிச் சட்டம் ஆசிரியருக்குப் பொருந்தாது என்று 1996-ல் ஹரியாணா வழக்கில் சொன்னது. கட்டட வேலைக்கு இருந்த அடிமட்டக் கூலிப் பாதுகாப்பு, பல ஆண்டுகளாக வகுப்பறைக்கு இல்லாமல் போனது.

ஆனால் எதுவுமே இல்லை என்று நினைக்க வேண்டாம். பணிக்கொடை தனியார் பள்ளி ஆசிரியருக்கும் உண்டு; 2009 திருத்தம் அதை 1997 ஏப்ரல் 3 முதல் செல்லும்படி கொண்டுவந்தது, 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. கடைசிச் சம்பளம் 20,000, பணி பத்து ஆண்டு என்றால், ஆண்டுக்குப் பதினைந்து நாள் கூலி வீதம் சுமார் 1,15,000 ரூபாய் வர வேண்டும். இதைக் கேட்காமலே வீட்டுக்குப் போனவர்கள் எத்தனையோ பேர். இருபது பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் பள்ளியில் பி.எப். கட்டாயம்; ஆனால் நிர்வாகத்தின் 12 சதவீதத்தையும் ஆசிரியரின் சம்பளத்திலிருந்தே கழிக்கும் தந்திரம் சில இடங்களில் நடக்கிறது. மகப்பேறு விடுப்பிலும் வித்தியாசம் பெரிது: அரசுப் பணியில் 2021 ஜூலை முதல் முழுச் சம்பளத்தோடு ஓராண்டு, தனியாரில் சட்டப்படி 26 வாரம். அந்த 26 வாரத்தைத் தருகிறார்களா, ராஜினாமா எழுதி வாங்குகிறார்களா என்று அங்கே வேலை பார்க்கும் பெண்களிடம் விசாரித்துவிட்டுச் சேர்வது நல்லது. மே மாதச் சம்பளம் உண்டா, அசல் சான்றிதழை வாங்கி வைத்துக்கொள்கிறார்களா, வங்கியில் போடுகிறார்களா கையில் தருகிறார்களா என்ற மூன்றையும் சேர்த்தே கேட்க வேண்டும். சொந்தப் பிள்ளைக்குக் கட்டணச் சலுகை கிடைத்தால் அதையும் சம்பளத்தில் கூட்டிக்கொள்ளலாம். இரண்டு பிள்ளை உள்ள வீட்டுக்கு அது சின்னத் தொகை அல்ல.

டியூஷன் எடுத்துச் சரிக்கட்டலாம் என்பது பொதுவான பேச்சு. கல்வி உரிமைச் சட்டத்தின் 28-ஆவது பிரிவு ஆசிரியர்கள் தனிப்பயிற்சி எடுப்பதைத் தடுக்கிறது. அரசு ஆசிரியருக்கு நடத்தை விதிகளும் சேர்ந்துகொள்ளும். அதை வருமானக் கணக்கில் எழுதாமல் இருப்பதே உத்தமம்.

அரசு வாசலில் நெரிசல் எப்படி? 2012 ஜூலையில் நடந்த முதல் டெட் தேர்வில் நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறவில்லை. இப்போது டெட் தேறினாலும் தனிப் போட்டித் தேர்வு எழுத வேண்டும். இடைநிலைக்கு நீண்ட இடைவெளிக்குப் பிறகு 2024-ல் அறிவித்த இடங்கள் 1,768. பட்டதாரி ஆசிரியர், வட்டார வள மையப் பயிற்றுநர் பணிகளுக்கு 2023-ல் அறிவித்தவை 2,222. உச்ச நீதிமன்றத்தின் 2025 செப்டம்பர் 1 தீர்ப்புக்குப் பிறகு, ஏற்கெனவே பணியில் இருப்பவர்களில் ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் உள்ளவர்களும் டெட் எழுதியாக வேண்டிய நிலை. எனவே டெட் சான்றிதழ் இல்லாமல் எட்டாம் வகுப்பு வரையிலான எந்த வேலைக்கும் திட்டம் போடுவது வீண்.

இருபத்து மூன்று வயதில் பி.எட். முடித்தவருக்கு ஒரு யோசனை: டெட்டின் இரண்டாம் தாளையும் மத்தியத் தகுதித் தேர்வான சிடெட்டையும் முதலில் முடித்துவிட்டு, பி.எப். கட்டும் ஒரு தனியார் பள்ளியில் சேர்ந்து, டிஆர்பி அறிவிப்பையும் கேந்திரிய வித்யாலயா அறிவிப்பையும் விடாமல் எழுதலாம். மூன்று நான்கு ஆண்டு இப்படிக் கொடுப்பது தகும். நாற்பதைத் தாண்டி, குடும்பமும் சொந்த வீடும் ஊரில் இருப்பவருக்கு, நல்ல பெயருள்ள உதவி பெறும் பள்ளியின் அனுமதிக்கப்பட்ட பணியிடமே முதல் தேர்வு. அது அமையாவிட்டால் சம்பளம் இரண்டாயிரம் குறைந்தாலும் பி.எப்.பும் மே மாதச் சம்பளமும் ஒழுங்காகத் தரும் தனியார் பள்ளி. வயது போய்விட்டது என்று அரசுத் தேர்வைக் கைவிடவும் வேண்டாம்: 2023-ல் நேரடி நியமனத்துக்கான வயது உச்சவரம்பைப் பொதுப் பிரிவுக்கு 53 ஆகவும் மற்றவர்களுக்கு 58 ஆகவும் தமிழ்நாடு அரசு உயர்த்தியிருக்கிறது.