சந்தையில் ஸாஹிர் (ரலி)

கிராமத்துப் பொருள்களை மதீனாக் கடைவீதியில் விற்றவர் ஸாஹிர் (ரலி). தோற்றப் பொலிவில்லாத தம்மை யாரும் மதிக்கமாட்டார்கள் என்றே எண்ணியிருந்தார். நபி (ஸல்) அவர்கள் பின்னாலிருந்து அவரைக் கட்டியணைத்து, அல்லாஹ்விடம் அவர் விலைமதிப்புள்ளவர் என்றார்கள். அதுவும் சந்தையில் வைத்து!

பெரம்பலூரிலும் அரியலூரிலும் தள்ளுவண்டிக்காரரை நாம் எப்போது கவனிக்கிறோம்? பத்து ரூபாய் குறைக்கச் சொல்லும்போதுதான். அவர் வண்டியைத் தூக்கிச் சென்றால் வேடிக்கை பார்க்கிறோம். 2014-ஆம் ஆண்டு தெருவோர வியாபாரிகள் சட்டப்படி, அவரை அகற்ற 30 நாள் முன்னறிவிப்பு வேண்டும். பறிமுதல் செய்தால் பட்டியல் தர வேண்டும். காய், பழங்களை, கட்டணம் செலுத்திக் கேட்ட அன்றே திருப்பித்தர வேண்டும். அழுகிய தக்காளியை விற்று வட்டி கட்ட முடியுமா?

நகராட்சியின் விற்பனைச் சான்று இல்லாதவர்கள், எம்மதத்தவராயினும், ஜுமுஆவுக்குப் பின் ஆதார் நகலுடன் நம் அலுவலகம் வரலாம். மனு எழுதித் தருகிறோம்.