நியூகிரேஞ்ச் பெருங்கற் சமாதி

மாணவர்களே, ஐரோப்பாவின் பெருங்கற் சின்னங்கள் பற்றிய வினாவுக்கு ஓர் உதாரணத்தையேனும் தெளிவாக விளக்குதல் வேண்டும். அயர்லாந்திலுள்ள நியூகிரேஞ்ச் அதற்குப் பொருத்தமானது.

1. காலம்: கி.மு. 3200 அளவு, புதிய கற்காலம். கீசாப் பிரமிட்டுகளிலும் பழைமையானது.

2. அமைப்பு: ஏறக்குறைய 85 மீற்றர் விட்டமுடைய வட்ட மேடு. அடியைச் சுற்றி 97 பெருங்கற்கள். 19 மீற்றர் நீளமான ஒடுங்கிய பாதை உள்ளறையை அடைகிறது. கற்பலகைகளைச் சிறிது சிறிதாக உள்நோக்கி நீட்டி அடுக்கிக் கூரை அமைத்துள்ளனர்.

3. பயன்பாடு: எரித்த, எரிக்காத மனித எலும்புகள் உள்ளறையிற் கிடைத்தன. எனவே இது ஈமச் சின்னமாகும்.

4. சிறப்பு: ஆண்டின் மிகக் குறுகிய பகலுடைய டிசெம்பர் 21 ஐ அண்டிய நாட்களில், உதயசூரியனின் ஒளி வாயிலுக்கு மேலுள்ள துவாரத்தினூடாக உள்ளறையை அடையும். அகழ்வாய்வை நடத்திய மைக்கேல் ஓ'கெலி 1967 இல் இதனை நேரில் அவதானித்தார்.

கவனிக்க: தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் பெருங்கற் பண்பாடு பெரும்பாலும் இரும்புக் காலத்துக்குரியது. ஐரோப்பாவிலோ அது புதிய கற்காலத்திலேயே தொடங்கிவிட்டது. பெயர் ஒன்றாயினும் காலம் வேறு. இரண்டையும் ஒன்றாக எழுதிப் புள்ளிகளை இழக்காதீர்கள்.

பயிற்சி வினா: உலோகக் கருவிகளற்ற மக்கள் நியூகிரேஞ்சை அமைத்தமை அவர்களது சமூகம் பற்றி எவற்றை உணர்த்துகிறது?

விடைக் குறிப்பு: கூட்டுழைப்பு, வேலையை ஒழுங்குபடுத்தும் ஆற்றல், பருவகாலம் பற்றிய அறிவு, இறந்தோர் மீதான மதிப்பு. ஒவ்வொன்றுக்கும் மேலேயுள்ள ஒரு சான்றைச் சேர்த்து எழுதுக.