நகையின் நிலைக்களம்: கால்ட்டன், ஸிம்ப்ஸன் வரலாறு

மக்களைச் சிரிக்கச் செய்தல் எளிய செயலென்றும், அதனைத் தொழிலாகக் கொண்டோர் ஆசிரியர் வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் அல்லரென்றும் கருதுவார் பலர். அக்கருத்துப் பொருந்தாது என்பதனை, ஆங்கிலத் தொலைக்காட்சிக்கு நகைச்சுவை நாடகங்கள் எழுதிப் புகழெய்திய ஆலன் ஸிம்ப்ஸன், ரே கால்ட்டன் என்னும் இருவர் வரலாறு இனிது விளக்கும்.

ஸிம்ப்ஸன் 1929ஆம் ஆண்டிலும், கால்ட்டன் 1930ஆம் ஆண்டிலும் லண்டனிற் பிறந்தனர். இளமையிலேயே இருவரையும் காசநோய் பற்றியது. அக்காலத்தே அந்நோய் பலரை மாய்த்த கொடும்பிணி. ஸர்ரே மாகாணத்து மில்ஃபோர்டிலிருந்த காசநோய் விடுதியில் 1948ஆம் ஆண்டில் இருவரும் சந்தித்தனர். நெடுநாள் படுக்கையிற் கிடந்தோர் வானொலி நகைச்சுவைகளைக் கேட்டு ஆறுதலடைந்தனர். பின்னர், விடுதியின் உள்வானொலிக்குத் தாமே எழுதலாயினர். பிறர் முடக்கமென்று கருதிய காலம் அவர்க்குப் பயிற்சிக் காலமாயிற்று.

நோய் நீங்கி வெளிவந்தபின், டோனி ஹான்காக் என்னும் நடிகருக்கென அவர்கள் எழுதிய தொடர் 1954ஆம் ஆண்டில் பி.பி.சி. வானொலியிலும், 1956ஆம் ஆண்டில் தொலைக்காட்சியிலும் தொடங்கிற்று. அதற்கு முன்னர் இத்தகைய நிகழ்ச்சிகள் பெரும்பாலும் துணுக்குகளும் பாட்டுக்களும் விரவியனவாயிருந்தன. இவர்களோ அவற்றை விலக்கி, ஒரு மனிதனுடைய இயல்பினின்றே நகை தோன்றுமாறு செய்தனர். சான்றாக, 1961ஆம் ஆண்டில் ஒளிபரப்பான ‘இரத்த தானம் செய்வோன்’ என்னும் நாடகத்தை நோக்குக. ஹான்காக் பெருந்தியாகம் புரிவான்போலப் பெருமிதத்துடன் மருத்துவமனை புகுகின்றான். சோதனைக்கென விரலினின்று எடுத்த ஒரு துளியே தன் கொடை என்று எண்ணுகின்றான். ஏறக்குறைய ஒரு பைண்டு அளவு வேண்டுமென்று மருத்துவர் கூறவே திகைக்கின்றான். இறுதியிற் கத்தியால் தன்னைத்தானே காயப்படுத்திக்கொண்டு, தான் ஈந்த குருதியையே திரும்பப் பெறுகின்றான். ஈண்டு நாம் நகைப்பது அவன் துன்பத்தையன்று, அவன் செருக்கையே. அச்செருக்கு நம்மிடத்தும் உண்டென்பதனாலேயே அந்நகை நிலைபெறுகின்றது.

அவ்வாண்டிலேயே ஹான்காக் அவர்களைப் பிரிந்தார். பெயர்பெற்ற நடிகரை இழந்த ஆசிரியர்க்கு அஃது ஓர் இடரே. ஆயினும், பி.பி.சி.யார் வேண்டத் தனித்தனி நாடகங்கள் சில எழுதினர். அவற்றுள் ஒன்று 1962ஆம் ஆண்டு ஜனவரியில் வெளிவந்தது. கந்தையும் பழஞ்சாமான்களும் குதிரை வண்டியிற் சேர்த்து விற்கும் தந்தையும் மகனுமே அதன் மாந்தர். தந்தையை விட்டு நீங்கத் துணிந்த மகன் தன் உடைமைகளை வண்டியில் ஏற்றுகின்றான். குதிரையின்றித் தானே இழுக்க முயல்கின்றான், வண்டி அசையவில்லை. மகன் அழுகின்றான், தந்தை அவனைத் தேநீருக்கென உள்ளே அழைத்துச் செல்கின்றான். சிரித்தோர் கண் கலங்கினர். இந்நாடகமே ‘ஸ்டெப்டோவும் மகனும்’ என்னும் தொடராக விரிந்து 1974 வரை நடைபெற்றது. ஒரு காலத்தில் இரண்டு கோடிக்கு மேற்பட்டோர் அதனைக் கண்டனர். 1964ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தல் நாளில் வாக்காளர் வீட்டிலேயே தங்கிவிடுவரென்று அஞ்சிய ஹாரல்டு வில்ஸன், பி.பி.சி. தலைவரிடம் முறையிட, அதன் நேரமும் மாற்றப்பட்டது.

ஸிம்ப்ஸன் தட்டச்சில் அமர்வார்; இருவரும் ஒருப்பட்ட சொல்லே தாளில் ஏறும். என் சொல், உன் சொல் என்னும் வேற்றுமை அவர்களிடையே எழவில்லை. 1978ஆம் ஆண்டில் ஸிம்ப்ஸன் எழுத்துப்பணியினின்று ஓய்வு பெற்ற பின்னும் நட்புக் குன்றவில்லை. ஸிம்ப்ஸன் 2017இலும், கால்ட்டன் 2018இலும் மறைந்தனர்.

எளியோரை இகழ்ந்து பெறும் சிரிப்பு அன்றே மறையும். மாந்தர் குறைபாட்டை அன்போடு நோக்கிப் பெறுவதோ நெடிது நிற்கும். துன்பத்தை அறிந்த உள்ளமே அத்தகைய நகைக்கு நிலைக்களமாம் என்பதனை, எழுத்துத்துறையிற் புக விழையும் மாணவர் கருத்திற் கொள்வாராக.